பலர்க்கு உதவும் ஒரு கோப்பு

மலைநாட்டுத் தேயிலைத் தோட்டங்களிலே கொழுந்து பறிக்கும் மலைகள் பல. பறித்த கொழுந்தைத் தேயிலையாக்கும் தொழிற்சாலையோ பெரும்பாலும் ஒன்றே. தோட்ட மக்கள் 'ஸ்டோர்' என வழங்கும் அக்கட்டடத்திற்கே மேற்பிரிவின் கொழுந்தும் கீழ்ப்பிரிவின் கொழுந்தும் வந்து சேரும். அங்கே அது வாட்டப்பட்டு, ரோலர் பொறியில் உருட்டப்பட்டு, நொதிக்க விடப்பட்டு, உலர்த்தப்பட்டு, பின்னர் சலித்துத் தரம் பிரிக்கப்படும். 1867ஆம் ஆண்டில் ஜேம்ஸ் டெயிலர் லூல்கந்துரத் தோட்டத்தில் 19 ஏக்கர் நிலத்திலே தேயிலை பயிரிட்டபொழுது இவ்வசதி எதுவும் இருக்கவில்லை. பறித்த கொழுந்து அவருடைய பங்களாவின் விறாந்தையிலே கையால் உருட்டப்பட்டது. சில ஆண்டுகளில் அத்தோட்டத்திலே தொழிற்சாலை எழுந்தது. பின்னர் மலைநாடெங்கும் அம்முறையே பரவிற்று.

ஒவ்வொரு மலைக்கும் ஒரு ரோலர் வைப்பது இயலாத காரியம். பொதுவாக ஒன்றை வைத்து யாவரும் பயன்படுத்துவதே சிக்கனம். ஆயின், அச்சிக்கனத்திற்கு ஒரு விலையும் உண்டு. ரோலர் நின்றுவிட்ட நாளில் ஒரு மலையின் கொழுந்து மட்டும் கெடுவதில்லை; அன்று தோட்டமெங்கும் பறித்த கொழுந்து முழுவதும் பழுதுபடும். கூடையில் இருக்கும் கொழுந்து நாளை வரையிற் காத்திருப்பதில்லை.

கணினியின் உள்ளும் இத்தகைய பொதுத் தொழிற்சாலைகள் உண்டு. கணினிக்கு இடப்படும் கட்டளைகளின் தொகுதியைச் செய்நிரல் என்பர். கடிதம் எழுதுவதற்கு ஒரு செய்நிரல், கணக்கு வைப்பதற்கு வேறொன்று, படம் பார்ப்பதற்கு இன்னொன்று எனப் பல உள்ளன. இவற்றின் வேலைகள் வெவ்வேறாயினும், திரையில் எழுத்தை வரைதல், கோப்பைத் திறத்தல், அச்சுப்பொறிக்குச் செய்தி அனுப்புதல் முதலாய சில வேலைகள் எல்லாவற்றிற்கும் பொதுவானவை. அப்பொது வேலைகளைச் செய்யும் கட்டளைகளைத் தனிக் கோப்பிலே வைத்து, வேண்டும் செய்நிரல்கள் யாவும் அதனை அழைத்துப் பயன்கொள்ளுமாறு செய்திருக்கின்றனர். அதற்குப் பொது நூலகக் கோப்பு என்று பெயர். நூலகத்து நூலை ஒருவர் சொந்தமாக வாங்காமலே பயன்படுத்துவது போல, செய்நிரலும் அக்கோப்பைத் தன்னுடையதாக வைத்திராமலே பயன்படுத்துகிறது.

இவ்வழக்கின் தொடக்கத்தை இங்கிலாந்தின் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்திலே காணலாம். அங்கு மோரிஸ் வில்க்ஸ் என்பார் தலைமையில் அமைக்கப்பெற்ற 'எட்சாக்' என்னும் கணினி 1949ஆம் ஆண்டு மே மாதம் 6ஆம் நாள் தன் முதற் செய்நிரலை நிறைவேற்றியது. வர்க்கமூலம் காணல், எண்ணை அச்சிடல் போன்ற கட்டளைத் தொடர்களை ஒவ்வொருவரும் புதிதாக எழுதி, ஒவ்வொருவரும் புதிதாகப் பிழை செய்துகொண்டிருத்தல் வீண் என்பது விரைவிலே தெளிவாயிற்று. தம் வாழ்நாளில் மீதியின் பெரும்பகுதி தம்முடைய செய்நிரல்களின் பிழைகளைத் தேடுவதிலேயே கழியப்போகிறது என்பது அக்காலத்தில் தமக்குப் புலப்பட்டதாக வில்க்ஸ் பிற்காலத்தில் எழுதினார். அவருடைய மாணவரான டேவிட் வீலர், துணைநிரல் ஒன்று தன் பணி முடிந்ததும் தன்னை அழைத்த இடத்திற்கே திரும்பிச் செல்லும் உபாயத்தைக் கண்டார். சோதித்து ஏற்றுக்கொள்ளப்பட்ட துணைநிரல்கள் துளையிட்ட காகித நாடாக்களில் பதியப்பெற்று, பேழை ஒன்றிலே வகைப்படுத்தி வைக்கப்பட்டன. 1951ஆம் ஆண்டளவில் அங்கு 87 துணைநிரல்கள் இருந்தன. அதே ஆண்டில் வில்க்ஸ், வீலர், ஸ்டான்லி கில் ஆகிய மூவரும் இம்முறையை விளக்கி ஒரு நூல் வெளியிட்டனர்.

ஆயினும், கேம்பிரிட்ஜ் நூலகம் படி எடுத்துச் செல்லும் நூலகமாகவே இருந்தது. செய்நிரல் எழுதுவோர் வேண்டிய நாடாவை எடுத்து, அதன் படியைத் தம் நாடாவிலே சேர்த்துக்கொண்டு, மூலத்தைப் பேழையில் வைத்துவிடுவர். இதனால் ஒருவருடைய படி கெட்டால் மற்றவர்க்குக் கேடில்லை. ஆயின், மூலத்திலேயே பிழை ஒன்று கண்டுபிடிக்கப்பட்டால், முன்னர்ப் படி எடுத்த ஒவ்வொருவரும் தத்தம் நாடாவைத் திருத்த வேண்டும்; அன்றியும், ஒரே கட்டளைத் தொடர் பல இடங்களிலே திரும்பத் திரும்ப இடம்பிடிக்கும்.

படி எடுக்காமல் ஒன்றையே பகிரும் முறை 1960களில் உருவாயிற்று. மசாசூசெட்ஸ் தொழில்நுட்பக் கழகம், பெல் ஆய்வகம், ஜெனரல் எலெக்ட்ரிக் கம்பனி ஆகிய மூன்றும் சேர்ந்து தொடங்கிய 'மல்டிக்ஸ்' என்னும் திட்டத்திலே, செய்நிரல் ஓடிக்கொண்டிருக்கும்பொழுதே தனக்கு வேண்டிய பகுதியைத் தேடிப் பிணைத்துக்கொள்ளும் ஏற்பாடு வகுக்கப்பட்டது. 1985இல் வெளிவந்த மைக்ரோசொப்ட் நிறுவனத்தின் 'விண்டோஸ்' முறைமை இவ்வழியையே பின்பற்றியது. அக்காலத்துச் சிறு கணினிகளின் நினைவகம் மிகக் குறுகியதாகையால், பல செய்நிரல்களும் ஒரே கோப்பைப் பகிர்ந்துகொள்வது இன்றியமையாததாயிற்று. விண்டோசில் இத்தகைய கோப்புகள் 'டி.எல்.எல்.' என்னும் மூன்றெழுத்துப் பெயரால் வழங்கலாயின. 1988இல் 'சன்' நிறுவனத்தின் முறைமையும், பின்னர் 'லினக்ஸ்' முறைமையும் பகிர்வு முறையை ஏற்றுக்கொண்டன.

பகிர்வினால் விளைந்த நன்மை பெரிது. ஒரு கோப்பிலே பிழை திருத்தினால் அதனைப் பயன்படுத்தும் நூறு செய்நிரல்களும் ஒருங்கே திருந்தும். ஆனால், அதே வாயிலாக நூறு செய்நிரல்களும் ஒருங்கே நிற்கவும் கூடும்.

பொதுக் கோப்புக்கு வரும் கேடு மூவகைப்படும். முதலாவது இல்லாமை. ஒரு செய்நிரலைக் கணினியிலிருந்து நீக்கும்பொழுது, அது தனக்கே உரியதென எண்ணிப் பொதுக் கோப்பையும் உடன் நீக்கிவிடும். மறுநாள் வேறொரு செய்நிரல் 'இன்ன கோப்பைக் காணவில்லை' என்று அறிவித்து நின்றுவிடும். இரண்டாவது பொருந்தாமை. புதிதாக நிறுவப்படும் செய்நிரல் தன்னுடன் கொண்டுவந்த பழைய பதிப்பை, முன்பிருந்த புதிய பதிப்பின் மேலே எழுதிவிடும். கோப்பின் பெயர் அதுவே, உள்ளடக்கம் வேறு. மூன்றாவது சிதைவு. எழுதிக்கொண்டிருக்கும்பொழுது மின்சாரம் தடைப்படுவதாலும், வட்டு பழுதடைவதாலும், தீய நிரல்கள் புகுவதாலும் கோப்பின் உட்பொருள் குலைந்துவிடும். 1990களிலே இரண்டாவது கேடு மிகப் பெருகியமையால், கணினித் துறையினர் அதற்கு 'டி.எல்.எல். நரகம்' என்றே பெயரிட்டனர்.

இக்கேட்டிற்குப் பரிகாரம் தேடிய வரலாறு, பொதுப் பொருளைக் காக்கும் வழிகளின் வரலாறே ஆகும். 2000ஆம் ஆண்டில் வெளிவந்த விண்டோஸ் பதிப்பு, தன் முதன்மையான பொதுக் கோப்புகளின் நற்படிகளைத் தனியிடத்திலே ஒதுக்கி வைத்தது. பிற செய்நிரல் ஏதேனும் அவற்றை மாற்றினால், முறைமை உடனே அந்நற்படியை எடுத்து மீண்டும் உரிய இடத்தில் வைத்துவிடும். 2001இல் வந்த 'எக்ஸ்.பி.' பதிப்பிலே, ஒரே கோப்பின் பல பதிப்புகள் அருகருகே இருக்கவும், ஒவ்வொரு செய்நிரலும் தனக்குரிய பதிப்பையே அழைக்கவும் வழி செய்யப்பட்டது. முறைமைக் கோப்புகள் யாவற்றையும் பரிசோதித்துச் சிதைந்தவற்றை மாற்றும் 'எஸ்.எப்.சி.' என்னும் கருவியும் விண்டோசுடன் சேர்ந்தே வருகிறது. லினக்ஸ் உலகத்தார் வேறு வழியிற் சென்றனர். அங்கே ஒவ்வொரு செய்நிரலும் பொதியாகக் கட்டப்பட்டு, தனக்கு எந்தெந்தப் பொதுக் கோப்பு எந்தெந்தப் பதிப்பில் வேண்டும் என்னும் பட்டியலைத் தன்னுடன் கொண்டுவரும். பொதி மேலாளர் எனப்படும் செய்நிரல் அப்பட்டியலைப் பார்த்து, இல்லாதவற்றை வருவிக்கும். பிறர்க்கு வேண்டியிருப்பதை நீக்க முற்பட்டால் எச்சரிக்கும்.

இம்முறைகள் எல்லாவற்றிற்கும் அடிப்படை ஒன்றே. கெட்ட கோப்பிற்கு மாற்றாக வைக்கப்படுவது, அதனை ஆக்கியவரிடமிருந்து வந்த மூலப்படியாக இருத்தல் வேண்டும். தலவாக்கலையில் சென்ட் கூம்ஸ் தோட்டத்திலுள்ள தேயிலை ஆராய்ச்சி நிலையம் 1925இல் நிறுவப்பட்டது. அந்நிலையம் தேர்ந்தெடுத்த தாய்ச்செடிகளின் துண்டுகளிலிருந்து வளர்ந்த கன்றுகள் மலைநாடெங்கும் நடப்பட்டிருக்கின்றன. பட்டுப்போன செடியின் இடத்திலே கன்று நடுபவர், அஃது இன்ன தாய்ச்செடியின் கன்று என்று உறுதியாகத் தெரிந்த நாற்றுமேடையிலிருந்தே அதனைப் பெறுவார். வழியிற் கண்ட கன்றைக் கொண்டுவந்து நட்டால், அதனுடன் நோயும் வரக்கூடும். கணினியிலும் இதுவே நடக்கிறது. 'காணாமற்போன கோப்பு இங்கே கிடைக்கும்' என அறிமுகமற்ற இடங்கள் விளம்பரம் செய்கின்றன. அங்கிருந்து பெற்ற கோப்பு பழைய பதிப்பாக இருக்கலாம். தீய நிரல் கலந்ததாகவும் இருக்கலாம். ஆகவே, குறை சொல்லும் செய்நிரலை முறைப்படி மீண்டும் நிறுவுதல், முறைமையின் சொந்தக் கருவியைக் கொண்டு பரிசோதித்தல், மூலத்திலிருந்து திரும்பப் பெறுதல், அதன்பின்னும் கேடு தொடர்ந்தால் வட்டே பழுதோ என ஆராய்தல் என்னும் வரிசையே பாதுகாப்பானது. பெறப்பட்ட படி மூலத்துடன் ஒக்குமா என்பதை அறிய, கோப்பின் உள்ளடக்கம் முழுவதிலிருந்தும் கணித்தெடுக்கப்படும் சரிபார்ப்பு எண் ஒன்று உண்டு. கோப்பில் ஓர் எழுத்து மாறினாலும் அவ்வெண் மாறிவிடும்.

உலகம் இன்று எத்துணை நுண்ணிய பொதுக் கோப்புகளின் மேல் நிற்கிறது என்பதை அண்மைக்கால நிகழ்ச்சிகள் இரண்டு காட்டின. 2016ஆம் ஆண்டு மார்ச்சு மாதம் 'லெப்ட்-பாட்' என்னும் 11 வரிக் கட்டளைத் தொகுதியை அதனை எழுதியவர் பொதுக் களஞ்சியத்திலிருந்து நீக்கிக்கொண்டார். சொல்லின் இடப்பக்கத்தில் வெற்றிடம் சேர்ப்பதே அதன் வேலை. எனினும், அதனை நேராகவும் சுற்றிவளைத்தும் நம்பியிருந்த ஆயிரக்கணக்கான மென்பொருள்களை ஆக்கும் பணி உலகெங்கும் தடைப்பட்டது. ஏறத்தாழ இரண்டு மணி நேரத்தில் அத்தொகுதி மீட்டு வைக்கப்பட்ட பின்னரே நிலைமை சீரடைந்தது. 2024ஆம் ஆண்டு மார்ச்சு 29ஆம் நாள் வெளியான செய்தி இதனினும் அச்சந்தருவது. கோப்புகளைச் சுருக்கி வைக்கும் 'எக்ஸ்.இசட்.' என்னும் லினக்ஸ் நூலகத்திலே, நீண்ட காலம் நண்பர்போற் பணியாற்றி நம்பிக்கை பெற்ற ஒருவர் கள்ளவாயில் ஒன்றைப் புகுத்தியிருந்தார். தொலைவிலுள்ள கணினிக்குள் நுழைய வழக்கத்திலும் அரை வினாடி கூடுதலாகச் செல்வதைக் கவனித்த அண்ட்ரஸ் பிராயிண்ட் என்னும் பொறியியலாளர், காரணத்தைத் துருவிச் சென்று அதனைக் கண்டறிந்தார். அந்நூலகத்தைத் தன்னார்வத்தால் பேணிவந்தவர் பெரும்பாலும் ஒருவரே. பயன்கொண்டோர் கோடிக்கணக்கானோராகவும், காவல்புரிந்தவர் ஒருவராகவும் இருந்தமையே கள்ளவாயிலுக்கு இடமளித்தது.

இனி, தமிழுக்கும் இப்பொதுக் கோப்புகளுக்கும் உள்ள உறவை நோக்குவோர்க்கு, 'கொழுந்து' என்னும் சொல்லே நல்ல எடுத்துக்காட்டாகும். அதன் முதலெழுத்தாகிய 'கொ' கண்ணுக்கு மூன்று உருவாகத் தோன்றும்: முன்னே கொம்பு, நடுவே ககரம், பின்னே கால். தமிழ்த் தட்டச்சுப் பொறியிலே முதலிற் கொம்பையும், பின் ககரத்தையும், அதன்பின் காலையும் அடிப்பர். கணினியிலே தமிழ் முதலில் இடம்பெற்றபொழுதும் இம்முறையே கைக்கொள்ளப்பட்டது. இலங்கையிற் பெருவழக்கிலிருந்த 'பாமினி' எழுத்துரு அத்தகையது. ஆங்கில எழுத்துகளுக்குரிய இடங்களிலே தமிழ் உருவங்களை வரைந்து வைத்தமையே அதன் உபாயம். அவ்வெழுத்துருக் கோப்பு இருக்கும் கணினியில் யாவும் செவ்வையாகத் தோன்றும். அஃது இல்லாத கணினியிலோ, 'தமிழ்' என்னும் சொல் ஜே, கே, பி, ஓ என்னும் ஆங்கில எழுத்துகளும் ஓர் அரைப்புள்ளியுமாகத் திரையில் நிற்கும். எழுதியவர் எழுதியது தமிழ். கணினி சேமித்ததோ தமிழன்று. எழுத்துரு என்னும் ஒரு கோப்பு காணாமற் போனதும் மொழியே காணாமற் போயிற்று.

1991இல் வெளிவந்த 'யுனிக்கோட்' என்னும் ஒருங்குறி இந்நிலையை மாற்றும் அடிப்படையை அமைத்தது. உலகின் எழுத்துகள் ஒவ்வொன்றிற்கும் தனித்தனி எண் கொடுக்கும் அவ்வேற்பாட்டிலே தமிழும் இடம்பெற்றது. அதில் 'கொ' என்பது ஒலி வரிசைப்படி சேமிக்கப்படும்: முதலிற் ககரம், அடுத்து ஒகர உயிர்க்குறி. ஆனால், திரையிலே கொம்பு முன்னும் கால் பின்னுமாகத் தோன்ற வேண்டும். சேமித்த வரிசையைக் காணும் வரிசையாக மாற்றும் இவ்வேலையைக் கடிதம் எழுதும் செய்நிரலும் அஞ்சல் படிக்கும் செய்நிரலும் தனித்தனியே செய்யவியலாது. அதனைப் பொது நூலகக் கோப்பு ஒன்றே எல்லாவற்றிற்குமாகச் செய்கிறது. விண்டோசில் அக்கோப்பிற்கு 'யூனிஸ்கிரைப்' என்று பெயர். 'லதா' என்னும் எழுத்துருவுடன் அதன் வாயிலாக விண்டோஸ் தமிழை ஏற்றுக்கொண்டது 2000ஆம் ஆண்டிலேதான். எண் கொடுக்கப்பட்ட நாளிலிருந்து, அவ்வெண்ணை எழுத்தாக்கிக் காட்டும் பொதுக் கோப்பு அம்முறைமைக்கு வந்துசேர ஏறத்தாழ ஒன்பது ஆண்டுகள் சென்றன.

அதன்பின்னும் இடர் தீரவில்லை. அடுத்த ஆண்டில் வந்து உலகெங்கும் பரவிய எக்ஸ்.பி. பதிப்பிலே, ஆங்கிலத்திற்கென நிறுவிய கணினிகளில் தமிழ் போன்ற மொழிகளுக்கான ஆதரவு தானாகச் செயற்படுவதில்லை. குறுந்தட்டைச் செருகி, அதற்குரிய கோப்புகளைத் தனியே நிறுவ வேண்டும். நிறுவாத கணினியில் தமிழ் வெறும் கட்டங்களாகத் தோன்றும்; எழுத்துரு இருந்தும் வரிசைமாற்றும் ஆதரவு இல்லாவிடிற் கொம்பு ககரத்திற்கு முன்னே வராது பின்னே நின்று, எழுத்துக் குலைந்து காணப்படும். பார்ப்பவர் எழுதியவரையே குறைகூறுவர். குறையோ எழுதியவரிடத்தும் இல்லை, வாசிப்பவரிடத்தும் இல்லை. இருவர்க்கும் இடையே இருக்கவேண்டிய ஒரு பொதுக் கோப்பு அங்கில்லை.

இக்குறை மலையகத்தில் எத்துணைப் பாரமானது என்பதை உணர, அம்மக்களின் வரலாற்றைச் சிறிது நினைவுகூர்தல் வேண்டும். தோட்டத் தொழிலாளியின் பெயர் செக்ரோலிலே ஆங்கில எழுத்திற் பதியப்பட்டது. அதே பெயர் பிறப்புப் பதிவிலும் பாடசாலை இடாப்பிலும் வேறு கைகளால், வேறு எழுத்துக்கூட்டலில் எழுதப்படுவதும் உண்டு. 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்க இலங்கைக் குடியுரிமைச் சட்டத்தின் விளைவாக மலையகத் தமிழரிற் பெரும்பாலார் நாடற்றவராயினர். 1949ஆம் ஆண்டின் இந்திய பாகிஸ்தானிய வதிவாளர் குடியுரிமைச் சட்டத்தின்கீழ் விண்ணப்பித்தோர், மணமானவராயின் ஏழு ஆண்டும், மணமாகாதவராயின் பத்து ஆண்டும் இடையறாது இந்நாட்டில் வாழ்ந்தமையை நிறுவ வேண்டியிருந்தது. லயத்து அறையிலே வாழ்நாளைக் கழித்தவர்க்கு, தாம் அங்கு வாழ்ந்தமைக்குச் சான்று காகிதமே. காகிதத்திலுள்ள பெயரும் விண்ணப்பத்திலுள்ள பெயரும் ஒக்காவிடில், இரண்டும் ஒருவருடையவே என நிறுவும் சுமை அவர் மேலே விழும்.

1964ஆம் ஆண்டு அக்டோபர் 30ஆம் நாள் கைச்சாத்தான சிறிமா - சாஸ்திரி உடன்படிக்கை 9,75,000 பேரைப் பற்றித் தீர்மானித்தது. அவருள் 5,25,000 பேரை இந்தியாவும் 3,00,000 பேரை இலங்கையும் ஏற்பதெனவும், எஞ்சிய 1,50,000 பேரைப் பற்றிப் பின்னர் முடிவு செய்வதெனவும் எழுதப்பட்டது. அவ்வுடன்படிக்கை நாள் முதல் இலங்கையில் நிலையாக வாழ்ந்த இந்திய வம்சாவளியினர்க்கும் அவர்தம் வழித்தோன்றல்களுக்கும் குடியுரிமை வழங்கும் சட்டம் 2003ஆம் ஆண்டிலேயே நிறைவேறியது. இதனிடையே 1987ஆம் ஆண்டின் பதின்மூன்றாம் திருத்தம் தமிழையும் ஆட்சிமொழியாக்கியது. அரசாங்கத்தோடு தமிழிலே எழுதிப் பேசும் உரிமை சட்டத்தில் இடம்பெற்ற காலமும், அலுவலகங்களிற் கணினி நுழைந்த காலமும் ஏறத்தாழ ஒன்றே. ஏட்டில் எழுதிய உரிமை திரையிலே கட்டமாகத் தோன்றினால், அவ்வுரிமை பாதி உரிமையே ஆகும். பெயர் எழுத்தொன்று மாறியமையால் அலைந்தோரின் பேரர்க்கு, பெயரே தோன்றாத கணினி சிறு குறையன்று.

இந்நூற்றாண்டின் முதற் பத்தாண்டிலே நிலைமை சிறிது சிறிதாகச் சீரடைந்தது. தகவல் தொடர்பாடல் தொழில்நுட்ப முகவர் நிலையம் 'நெனசல' என்னும் அறிவு நிலையங்களை நாடெங்கும் ஏற்படுத்தியது. 2008இல் இலங்கைக் கட்டளைகள் நிறுவனம் 1326 என்னும் இலக்கத்தையுடைய தமிழ்க் கணினி நியமத்தை ஒருங்குறியின் அடிப்படையில் வெளியிட்டது. பின்னர் வந்த விண்டோஸ் பதிப்புகளிலே தமிழ் ஆதரவு தனியே நிறுவப்பட வேண்டிய தேவை ஒழிந்தது. லினக்ஸ், அன்ட்ரொயிட் ஆகியவற்றிலும், இணையம் பார்க்கும் செய்நிரல்கள் பலவற்றிலும் 'ஹார்ப்பஸ்' என்னும் பொது நூலகம் அப்பணியை ஏற்றது. பாரசீக மொழியிலே 'திறந்த எழுத்து' எனப் பொருள்படும் அப்பெயரை அதற்கு வழங்கியவர், ஈரானிற் பிறந்த பெஹ்தாத் எஸ்பாபோத் என்னும் பொறியியலாளர். அரபு, தேவநாகரி, தமிழ், சிங்களம் முதலாய எழுத்துகள் யாவும் அந்த ஒரே நூலகத்தின் வாயிலாகத் திரையேறுகின்றன.

பொதுவாக இருப்பதன் ஆபத்து அப்பொழுதும் நீங்கிவிடவில்லை. 2018ஆம் ஆண்டு பெப்ரவரி மாதத்தில், தெலுங்குக் கூட்டெழுத்து ஒன்று செய்தியில் வந்த மாத்திரத்தே அப்பிள் நிறுவனத்தின் தொலைபேசிகளில் அச்செய்தியைத் திறந்த செய்நிரல்கள் நிலைகுலைந்தன. எழுத்தை வரையும் பொதுக் கோப்பிலிருந்த பிழையே காரணம். செய்தி பரிமாறும் செய்நிரல் எதுவாயினும் அக்கோப்பையே அழைத்தமையால் யாவும் ஒருங்கே வீழ்ந்தன. சில நாட்களுள் நிறுவனம் திருத்திய பதிப்பை வெளியிட்டது. ஒரே திருத்தத்தால் யாவும் ஒருங்கே எழுந்தன. தென்னாசிய மொழியொன்றின் எழுத்து எல்லா விதமாகவும் முன்னரே சோதிக்கப்படாமையை அந்நிகழ்ச்சி புலப்படுத்திற்று.

மலையகத்தில் இன்னும் எஞ்சியுள்ள வேலையும் இதனுடன் தொடர்புடையதே. தொழிற்சங்க அறிக்கைகள், பாடசாலை மலர்கள், கோவில் விழா ஏடுகள், கதைத் தொகுதிகள் எனப் பாமினி போன்ற பழைய எழுத்துருக்களில் தட்டச்சிட்ட கோப்புகள் பழைய வட்டுகளிலே கிடக்கின்றன. அவற்றுக்குரிய எழுத்துருக் கோப்பு உள்ளவரையே அவை தமிழ். அதன்பின் பொருளற்ற ஆங்கில எழுத்துக் குவியல். அவற்றை ஒருங்குறிக்கு மாற்றும் செய்நிரல்கள் உண்டு. ஆயின், எந்தக் கோப்பு எந்த எழுத்துருவில் எழுதப்பட்டது என்பதை அறிந்தவர் இருக்கும்பொழுதே அம்மாற்றத்தைச் செய்துவிடுதல் நன்று. மூலத்தை அழியாது வைத்துக்கொண்டு, மாற்றிய படியை மூலத்துடன் ஒப்புநோக்கி, பெயர்களையும் ஊர்களையும் ஒருவர் வாசித்துச் சரிபார்த்தலும் வேண்டும். பொறி மாற்றும்பொழுது முதலிற் பிறழ்பவை பெரும்பாலும் பெயர்களே.

தோட்டத்து ரோலர் பழுதடைந்தால் அதனைத் திருத்தத் தெரிந்தவர் தொழிற்சாலையிலேயே இருக்கிறார். அவர் அங்கே இருப்பதனாலேயே மலைகளிற் பறிப்போர் கவலையின்றிப் பறிக்கின்றனர். கணினியின் பொதுக் கோப்புகளைப் பொறுத்தவரையில் தமிழர் நெடுங்காலம் கொழுந்து கொண்டுவந்து கொடுப்பவராகவே இருந்தனர். ரோலரைத் திருத்துவோர் வேறிடத்தில் இருந்தனர். ஹார்ப்பஸ் போன்ற நூலகங்களின் மூலக்கட்டளைகள் இன்று யாவரும் வாசிக்குமாறு திறந்து வைக்கப்பட்டுள்ளன. அட்டனிலோ நுவரெலியாவிலோ உள்ள மாணவர் ஒருவர் தமிழ் எழுத்தொன்று பிறழ்ந்து தோன்றக் கண்டால், அதனைச் சான்றுடன் அறிவிக்கலாம். கற்றுத் தேர்ந்தபின் திருத்தத்தையும் எழுதி அனுப்பலாம். அது சோதனையில் தேறினால், அடுத்த பதிப்பு வெளிவரும் நாளில் உலகெங்கும் தமிழ் எழுதுவோர் கணினிகளில் அத்திருத்தம் சென்று சேரும். 'கொழுந்து' என்னும் சொல்லிலே கொம்பு தன் இடத்தில் நிற்பதைக் கண்டு, அதன் பின்னே ஒருவர் உழைப்பு இருக்கிறதென எவரும் எண்ணப்போவதில்லை. பொதுப் பொருளைப் பேணுவோர் பணி செவ்வனே நடைபெறுவதற்கு அதுவே அடையாளம்.